தொடை எலும்பு முறிவு: எஸ்72 இடுவதா, எம்80 இடுவதா?

மலைக்கோட்டைக் கோடர்

அனைவருக்கும் வணக்கம். அமெரிக்க மருத்துவமனை ஒன்றின் உள்நோயாளர் சார்ட்டுகளுக்கு, அதாவது சிகிச்சைப் பதிவுகளுக்கு, மூன்று ஆண்டுகளாக நோய்க் குறியீடு இட்டு வருகிறேன். சென்ற மாதத் தணிக்கையில் எனக்கு ஒரு பிழை விழுந்தது. அது முதன்மை நோயறிதலில் விழுந்ததால், எங்கள் நிறுவனம் கேட்கும் 95 விழுக்காட்டுத் துல்லியத்துக்குக் கீழே இறங்கிவிட்டேன். மறுப்பு எழுத எனக்கு நான்கு நாள் அவகாசம் இருக்கிறது. எழுதுவதற்கு முன்பு, தவறு உண்மையிலேயே என்னுடையதுதானா என்று இங்கே கேட்டுத் தெரிந்துகொள்ள விரும்புகிறேன்.

நோயாளி 78 வயதுப் பெண்மணி. வீட்டில் கீழே விழுந்திருக்கிறார். வலது தொடை எலும்பின் மேற்பகுதியில், பெரிய ட்ரோகாண்டர், சிறிய ட்ரோகாண்டர் என்னும் இரண்டு எலும்புப் புடைப்புகளுக்கு இடையே முறிவு ஏற்பட்டு, எக்ஸ்ரேயில் துண்டுகள் விலகித் தெரிந்திருக்கின்றன. மறுநாள் எலும்பின் உட்குழலில் நெயில் என்னும் உலோகத் தண்டைப் பொருத்தி அறுவை செய்திருக்கிறார்கள். டிஸ்சார்ஜ் சுருக்கத்தில் அறுவை மருத்துவர் எழுதியிருப்பது 'விழுந்ததால் ஏற்பட்ட வலது இண்டர்ட்ரோகாண்டரிக் முறிவு' என்ற ஒரே வரிதான். பழைய நோய்களின் பட்டியலில் ரத்த அழுத்தம், தைராய்டு ஆகியவற்றோடு, எலும்பின் அடர்த்தி குறைந்து வலுவிழக்கும் எலும்புப்புரையும் இருந்தது. நான் எஸ்72.141ஏ என்று முதன்மைக் குறியீடும், எலும்புப்புரைக்கு எம்81.0 என்று துணைக் குறியீடும், விழுந்ததற்கு டபிள்யூ19.எக்ஸ்எக்ஸ்எக்ஸ்ஏ என்ற புறக்காரணக் குறியீடும் இட்டேன். தணிக்கையாளர் முதல் இரண்டையும் அடித்துவிட்டு எம்80.051ஏ என்று திருத்தியிருக்கிறார். அதாவது, காயத்தால் வந்த முறிவு (எஸ்72) என்று நான் இட்டதை எலும்புப்புரையால் வந்த முறிவு (எம்80) என்று மாற்றிவிட்டார்.

என் மனத்தில் நெருடுவது இதுதான். எஸ்72.141ஏ என்றால் வலது கால், ட்ரோகாண்டர்களுக்கு இடைப்பட்ட இடம், விலகிய முறிவு, மூடிய முறிவு, சிகிச்சை நடந்துகொண்டிருக்கும் கட்டம் ஆகிய அனைத்தும் அந்த ஏழு எழுத்துக்குள் வந்துவிடுகின்றன. எம்80.051ஏ-யில் 'வலது தொடை எலும்பு' என்பதற்கு மேல் இடத்தைப் பற்றி ஒன்றுமே இல்லை. முறிந்தது கழுத்தா, தண்டா, முழங்கால் பக்கமா என்றுகூடத் தெரியாது. நுணுக்கமான குறியீட்டை விட்டுவிட்டு மங்கலான குறியீட்டைப் போடுவது எப்படிச் சரியாகும்?

நெறியாளர்

மேலே உள்ள பதிவிலிருந்து மருத்துவமனையில் சேர்ந்த தேதியையும் மாநிலத்துக்குள் இருக்கும் ஊரின் பெயரையும் நீக்கியிருக்கிறேன். அமெரிக்காவின் ஹிப்பா தனியுரிமைச் சட்டத்தின்கீழ் நோயாளியை அடையாளம் காட்டும் 18 விவரங்களில் அவை இரண்டும் அடங்கும். வயது 89-க்கு மேல் என்றால் அதையும் எழுதக் கூடாது. 78 என்பதால் விட்டுவைத்தேன். ஏனையோரும் கவனத்தில் கொள்ளவும்.

தணிக்கைமேசை

உங்கள் தணிக்கையாளர் நான் அல்லன் என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஆனால் நானாக இருந்தாலும் இந்தச் சார்ட்டைக் கையில் எடுத்தவுடன் அதே பிழையைத்தான் குறித்திருப்பேன்.

நாம் பயன்படுத்தும் அமெரிக்க நோய்க் குறியீட்டுத் தொகுப்பான ஐசிடி-10-சிஎம்மின் வழிகாட்டு நெறிகளில் பதின்மூன்றாம் அத்தியாயப் பகுதியில், எலும்புப்புரையைப் பற்றிய பத்தியை ஒருமுறை நிதானமாகப் படியுங்கள். எலும்புப்புரை இருப்பதாக ஏற்கெனவே அறியப்பட்ட நோயாளிக்கு முறிவு ஏற்பட்டால், அவர் இலேசாக விழுந்திருந்தாலும்கூட, அந்த விழுதல் நல்ல நிலையில் உள்ள எலும்பைப் பொதுவாக முறிக்கக்கூடியதாக இல்லாதபோது, காயத்துக்குரிய குறியீட்டை இடாமல் எம்80 வகையிலிருந்தே இட வேண்டும் என்று அது சொல்கிறது. 'விழுந்தார், ஆகவே காயம், ஆகவே எஸ் எழுத்து' என்று ஓடுகிற கையைத் தடுத்து நிறுத்துவதற்காகவே எழுதப்பட்ட பத்தி அது. நீங்கள் இட்ட எம்81.0-வின் தலைப்பிலும் 'நடப்பு நோய்சார் முறிவு இல்லாத' எலும்புப்புரை என்றுதான் இருக்கிறது. ஒரே சார்ட்டில் முறிவையும் காட்டி அந்தக் குறியீட்டையும் இடும்போது, முறிவுக்கும் எலும்புப்புரைக்கும் தொடர்பில்லை என்று நீங்களே தீர்ப்புச் சொன்னதாக ஆகிவிடுகிறது. அந்தத் தீர்ப்பை மருத்துவர் எங்கே எழுதியிருக்கிறார்?

நுணுக்கம் போய்விடுகிறது என்ற உங்கள் வருத்தம் நியாயமானதுதான்; நானும் பட்டிருக்கிறேன். எம்80-க்கு, சிகிச்சையின் கட்டத்தைக் காட்டும் ஏழாம் எழுத்தாக ஏ, டி, ஜி, கே, பி, எஸ் என்று ஆறுதான் உண்டு. திறந்த முறிவா (தோலும் கிழிந்ததா) மூடிய முறிவா என்ற வேறுபாடே அங்கு இல்லை. ஆனால் நுணுக்கம் என்பது சரியான வகைக்குள் நுழைந்த பிறகு பார்க்க வேண்டியது. வீட்டைத் தப்பாகப் பிடித்துவிட்டு அறை எண்ணைச் சரியாகச் சொல்லிப் பயனில்லை.

எலும்புவார்டு

நான் கோடர் அல்ல; மதுரையில் எலும்பு அறுவைப் பிரிவில் பணிபுரியும் மருத்துவன். என் மனைவி உங்கள் துறையில் இருப்பதால் இந்த இழை என் கண்ணில் பட்டது.

நின்ற உயரத்திலிருந்து, அல்லது அதைவிடக் குறைவான உயரத்திலிருந்து விழுந்து எலும்பு முறிந்தால் அதை நாங்கள் வலுவிழந்த எலும்பின் முறிவாகவே எண்ணத் தொடங்குவோம். இருபத்தைந்து வயது இளைஞனுக்குத் தொடை எலும்பு முறிய வேண்டுமென்றால் இருசக்கர வாகனம் லாரியில் மோத வேண்டும், அல்லது மாடியிலிருந்து விழ வேண்டும். உடலிலேயே மிக உறுதியான எலும்பு அது. அதே எலும்பு, குளியலறையில் ஈரத்தரையில் வழுக்கி உட்கார்ந்த மூதாட்டிக்கு முறிகிறது என்றால், தரையின் மேல் பழி போடுவது பாதி உண்மைதான். அறுவையின்போது துளையிடும் கருவி அந்த எலும்புக்குள் எவ்வளவு எளிதாக இறங்குகிறது என்பதைக் கையில் உணர்ந்தவர்களுக்கு இது புரியும்.

ஆனால் ஒரு எச்சரிக்கை. 'எலும்புப்புரை' என்ற சொல் நோய்ப் பட்டியலில் இருப்பதாலேயே அது உறுதிசெய்யப்பட்ட நோய் என்று கொள்ள முடியாது. உலக சுகாதார நிறுவனத்தின் வரையறைப்படி அடர்த்திச் சோதனையில் டி-மதிப்பெண் மைனஸ் 2.5 அல்லது அதற்கும் கீழே இருந்தால்தான் எலும்புப்புரை. மைனஸ் 1-க்கும் மைனஸ் 2.5-க்கும் இடையில் இருப்பது ஆஸ்டியோபீனியா. இரண்டையும் குழப்பி எழுதும் சக மருத்துவர்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன்.

இன்னொன்றும் நினைவுக்கு வருகிறது. நம் ஊரில் 'பாட்டிக்கு இடுப்பு எலும்பு முறிந்துவிட்டது' என்று சொன்னால் பத்தில் ஒன்பது முறை அது தொடை எலும்பின் கழுத்தோ ட்ரோகாண்டர் பகுதியோதான். உண்மையான இடுப்பு எலும்புக்கு உங்கள் பட்டியலில் எஸ்32 என்று தனி வகை இருப்பதாக மனைவி சொல்கிறாள். எங்கள் மருத்துவமனையில் உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10 பதிப்பைத்தான் பயன்படுத்துகிறோம். எஸ்72.1 என்று எழுதினால் வேலை முடிந்தது. வேண்டுமானால் மூடிய முறிவுக்கு 0, திறந்த முறிவுக்கு 1 என்று ஒரு இலக்கம் சேர்ப்போம். ஏழு எழுத்துக்கு நீங்கள் படும் பாட்டைப் பார்த்து அவ்வப்போது சிரிப்பதுண்டு, மன்னிக்கவும்.

பழைய ஒன்பது

மருத்துவர் சிரிப்பதில் தவறில்லை. 2015 அக்டோபர் 1-க்கு முன்பு நாங்களும் அப்படித்தான் நிம்மதியாக இருந்தோம். அதற்கு முந்தைய பதிப்பான ஐசிடி-9-இல் இதே முறிவுக்கு 820.21 என்று இட்டால் போதும். வலது காலா இடது காலா என்று அந்தக் குறியீட்டுக்குத் தெரியாது. இரண்டு மாத இடைவெளியில் இரண்டு காலும் முறிந்த நோயாளிக்கு ஒரே குறியீடு இரண்டு முறை போய், 'இதற்கு ஏற்கெனவே பணம் கொடுத்தாயிற்று' என்று காப்பீட்டு நிறுவனம் திருப்பியனுப்பிய கதையெல்லாம் உண்டு.

மலைக்கோட்டையாருக்கு ஒரு செய்தி. உங்கள் சார்ட்டில் நெயில் பொருத்தியிருப்பதால், எஸ்72 ஆனாலும் எம்80 ஆனாலும் மருத்துவமனைக்குக் கிடைக்கும் பணத்தை முடிவு செய்யும் டிஆர்ஜி தொகுதிகளில் 480 முதல் 482 வரையிலானவற்றில்தான் விழும். அறுவை இல்லாமல் படுக்கையிலேயே வைத்திருந்தால் நிலைமை வேறு: எஸ்72.141ஏ என்றால் 535, 536, எம்80.051ஏ என்றால் 542 முதல் 544 வரை. ஆகவே இந்த ஒரு சார்ட்டில் பணம் மாறவில்லை என்று மறுப்பில் எழுதிப் பாருங்களேன்.

தணிக்கைமேசை

ஐயா, தயவுசெய்து அந்த யோசனையைச் சொல்லாதீர்கள். பணம் மாறவில்லை என்பது குறியீடு சரி என்பதற்குச் சான்றாகாது. மறுப்பில் அந்த வரியைப் பார்த்தால் நான் அடுத்த வரியைப் படிக்கவே மாட்டேன்.

கோவைக் குறிஞ்சி

தணிக்கைமேசை அவர்களிடம் ஒரு மாறுபட்ட கருத்தை வைக்கிறேன். நீங்கள் சுட்டிய பத்தியில் இரண்டு நிபந்தனைகள் இருக்கின்றன. ஒன்று, எலும்புப்புரை அறியப்பட்டதாக இருக்க வேண்டும். இரண்டு, அந்த விழுதல் நல்ல எலும்பைப் பொதுவாக முறிக்காததாக இருக்க வேண்டும். முதல் நிபந்தனையைச் சார்ட்டிலிருந்து கோடர் படித்துக்கொள்ளலாம். இரண்டாவதை யார் முடிவு செய்வது? ஈரத்தரையில் வழுக்கியவர் என்றால் யாருக்கும் ஐயம் வராது. படியில் நான்கு கட்டை உருண்டவர்? ஓடும் நாய் முட்டித் தள்ளியதில் சிமென்ட் விளிம்பில் விழுந்தவர்? அது மருத்துவத் தீர்ப்பு. கோடரும் செய்யக் கூடாது, தணிக்கையாளரும் செய்யக் கூடாது.

இந்தச் சார்ட்டில் 'வீட்டில் விழுந்தார்' என்பதைத் தவிர ஒன்றுமே இல்லையென்றால், எஸ்72 இட்டதும் ஊகம், எம்80 என்று திருத்தியதும் ஊகம். செய்திருக்க வேண்டியது மருத்துவருக்கு ஒரு க்வெரி, அதாவது எழுத்து மூலம் விளக்கம் கேட்பது. அதுவும் 'இது எலும்புப்புரையால் வந்த முறிவுதானே?' என்று வாயில் சொல்லைத் திணிக்கும் கேள்வியாக இருக்கக் கூடாது. விழுந்த விதம், எலும்புப்புரைக்கான சான்றுகள், எக்ஸ்ரே குறிப்பு ஆகியவற்றை எடுத்து வைத்து, காயத்தால் ஏற்பட்ட முறிவு, எலும்புப்புரையால் ஏற்பட்ட முறிவு, வேறு காரணம், தீர்மானிக்க இயலவில்லை என்று தெரிவுகளைத் தர வேண்டும். பணத்தைப் பற்றிய ஒரு சொல்லும் அதில் வரக் கூடாது.

தணிக்கைமேசை

இரண்டாவது நிபந்தனையில் நீங்கள் சொல்வதை ஏற்கிறேன். ஆனால் ஒவ்வொரு வழுக்கலுக்கும் க்வெரி அனுப்பினால் அந்த மருத்துவர்கள் நம் கேள்விகளைத் திறந்து பார்ப்பதையே நிறுத்திவிடுவார்கள். நின்ற இடத்தில் தடுக்கி விழுந்தார், எலும்புப்புரை இருக்கிறது, அதற்கு மருந்தும் எடுத்துக்கொள்கிறார் என்று சார்ட்டிலேயே தெளிவாக இருந்தால், நெறி கோடருக்கு நேரடியாகக் கட்டளையிடுகிறது. எம்80 இட்டுவிட்டுப் போக வேண்டியதுதான். விழுந்த விதம் தெரியாதபோதுதான் க்வெரி. மலைக்கோட்டையாரே, எந்த உயரத்திலிருந்து, எப்படி விழுந்தார் என்று அவசரப் பிரிவின் குறிப்புகளில், ஆம்புலன்ஸ் தாளில், செவிலியர் பதிவில் எங்குமே இல்லையா?

தேர்வுக்குப் படிப்பவள்

குறுக்கிடுவதற்கு மன்னிக்கவும். அடுத்த மாதம் கோடர்களுக்கான சிபிசி சான்றிதழ்த் தேர்வு எழுதுகிறேன். ஏழாம் எழுத்தில் ஏ என்றால் முதல் வருகை, டி என்றால் அடுத்த வருகை என்று பயிற்சி வகுப்பில் சொன்னார்கள். அப்படியென்றால் அவசரப் பிரிவு மருத்துவர் ஏற்கெனவே பார்த்துவிட்ட பிறகு அறுவை செய்த மருத்துவருக்கு டி அல்லவா வர வேண்டும்? எல்லோரும் ஏ என்றே எழுதுகிறீர்களே.

கோவைக் குறிஞ்சி

தங்காய், அந்த விளக்கத்தை இன்றே மறந்துவிடு. ஏ என்பது எத்தனையாவது வருகை என்பதைப் பற்றியதே அல்ல. முறிவுக்கான செயல்முறைச் சிகிச்சை நடந்துகொண்டிருக்கிறதா என்பதைப் பற்றியது. அவசரப் பிரிவில் பார்த்தவருக்கும் ஏ, மறுநாள் நெயில் பொருத்தியவருக்கும் ஏ, வேறு மருத்துவமனைக்கு மாற்றி அங்கே அறுவை நடந்தால் அவர்களுக்கும் ஏ. அறுவை முடிந்து, எலும்பு கூடுகிறதா என்று ஆறாம் வாரம் எக்ஸ்ரே எடுத்துப் பார்க்கும்போதுதான் டி. அந்த வருகைக்கு இசட் எழுத்தில் தொடங்கும் பின்பராமரிப்புக் குறியீட்டை இடாதே. காயக் குறியீட்டையே டி சேர்த்து இட வேண்டும்.

எஸ்72-க்கு மொத்தம் பதினாறு எழுத்துகள். திறந்த முறிவு என்றால், அதன் கடுமையைப் பிரிக்கும் கஸ்டிலோ வகைப்பாட்டின் முதல் இரண்டு வகைக்கு பி, மூன்றாம் வகையின் மூன்று உட்பிரிவுகளுக்கும் சி. வகையே எழுதாமல் 'திறந்த முறிவு' என்று மட்டும் இருந்தால் பி. எலும்பு கூடாமலே போய்விட்டால் கே, எம், என். கோணலாகக் கூடினால் பி, க்யூ, ஆர். தமிழில் எழுதும்போது இரண்டு பி வந்து குழப்பும். பின்னது ஆங்கில வரிசையில் ஓவுக்கு அடுத்தது. முறிந்தும் மருத்துவரிடம் போகாமல் மூன்று மாதம் கழித்து வருபவருக்கு, தாமதமாக வந்தாலும் ஏ, பி, சி-தான். தேர்வில் இதைக் கேட்பார்கள்.

மருத்துவர் ஒன்றுமே சொல்லாதபோது மூடிய முறிவு என்றும், விலகிய முறிவு என்றும் கொள்ள வேண்டும். 'ஹிப் முறிவு' என்று மட்டும் எழுதியிருந்தால் எஸ்72.00-க்குப் போக வேண்டும். பெயரில் தொடை எலும்பு என்று வருகிறதே என்று எஸ்72.9-க்கு ஓடாதே. சப்ட்ரோகாண்டரிக் (ட்ரோகாண்டருக்குக் கீழே உள்ள) முறிவில் ஐந்தாம் எழுத்திலேயே பக்கமும் விலகலும் முடிந்துவிடுவதால் ஆறாம் இடத்தில் எக்ஸ் வைக்க வேண்டும்: எஸ்72.21எக்ஸ்ஏ. அந்த எக்ஸை விட்டுவிட்டு முதல் மாதத்தில் நான் வாங்கிய பிழைகளை இப்போது நினைத்தாலும் வெட்கமாக இருக்கிறது.

எலும்புவார்டு

நானும் ஒன்று கேட்கலாமா? அந்தப் பெண்மணி எலும்புப்புரைக்கு அலெண்ட்ரோனேட் போன்ற மாத்திரையைப் பல ஆண்டுகள் எடுத்துக்கொண்டவரா? அத்தகையோரில் சிலருக்குத் தொடை எலும்பின் தண்டிலோ ட்ரோகாண்டருக்குச் சற்றுக் கீழேயோ, பெரிய விழுதல் எதுவும் இல்லாமலே, குறுக்கே வெட்டினாற்போல் முறிவு வரும். முறிவதற்குச் சில வாரங்கள் முன்பிருந்தே தொடையில் வலி இருந்ததாகச் சொல்வார்கள். அதற்கு உங்களிடம் குறியீடு உண்டா?

தணிக்கைமேசை

உண்டு. எம்84.75 என்ற உட்பிரிவு, 2016 அக்டோபர் 1 முதல். முழுமையற்ற முறிவு, குறுக்கு முறிவு, சாய்வு முறிவு என்று பிரித்திருக்கிறார்கள். ஆனால் 'அட்டிப்பிகல்' (வழக்கத்துக்கு மாறான) என்ற சொல்லை மருத்துவர் எழுதியிருக்க வேண்டும். மாத்திரையையும் எக்ஸ்ரேயையும் சேர்த்துப் பார்த்து நாமாக அந்த முடிவுக்கு வரக் கூடாது. இந்தச் சார்ட்டில் முறிவு ட்ரோகாண்டர்களுக்கு இடையில் என்பதால் அந்தப் பேச்சுக்கு இடமில்லை.

அதே ஆண்டில்தான் செயற்கை மூட்டைச் சுற்றி வரும் முறிவுகளுக்கு எம்97 வந்தது. அதை முதலில் இடுபவர்கள் இன்னும் இருக்கிறார்கள். முறிவின் வகையும் காரணமும் தெரிந்தால் எஸ்72 அல்லது எம்80 முதலில் வர வேண்டும், எம்97.01எக்ஸ்ஏ அதற்குப் பின்னால்.

மலைக்கோட்டைக் கோடர்

தணிக்கைமேசை அவர்கள் கேட்ட கேள்விக்கு விடை கண்டுபிடித்துவிட்டேன். கண்டுபிடித்த பிறகு எனக்கே கூச்சமாக இருக்கிறது. நேற்று இரவுப் பணியில் சார்ட்டை மறுபடியும் திறந்து, மருத்துவர் குறிப்புகளை விட்டுவிட்டு மற்ற தாள்களை ஒவ்வொன்றாகப் பார்த்தேன். அவசரப் பிரிவுச் செவிலியரின் முதல் பதிவில், இரத்த அழுத்த எண்ணுக்குக் கீழே ஒரு வரி இருக்கிறது: கார் நிறுத்தும் அறையில், பரணிலிருந்து பெட்டியை இறக்க ஏணியில் ஏறியவர், ஏறத்தாழ ஐந்தடி உயரத்திலிருந்து சிமென்ட் தரையில் வலப்பக்கமாக விழுந்திருக்கிறார். அதே வரியை ஆம்புலன்ஸ் தாளும் சொல்கிறது. இரண்டையும் நான் படிக்கவில்லை. தணிக்கையாளரும் படிக்கவில்லை என்றுதான் நினைக்கிறேன்.

எலும்புப்புரையும் சும்மா ஒட்டிய சொல் அல்ல. இரண்டு ஆண்டுகளுக்கு முந்தைய அடர்த்திச் சோதனை சார்ட்டில் இருக்கிறது, டி-மதிப்பெண் மைனஸ் 2.7. ஆக, நோய் உண்மை. விழுந்த உயரமும் உண்மை. கோவைக் குறிஞ்சி அவர்கள் சொன்ன அமைப்பில் நான்கு தெரிவுகளோடு க்வெரி எழுதி, குழுத் தலைவர் வழியாக அனுப்பியிருக்கிறேன்.

எலும்புவார்டு

ஐந்தடி ஏணியிலிருந்து சிமென்ட் தரையில் என்றால் நானே இரண்டு நிமிடம் யோசிப்பேன். எழுபத்தெட்டு வயதில் மைனஸ் 2.7 என்பது எலும்பு பலவீனம்தான். ஆனால் அந்த உயரத்திலிருந்து அப்படி விழுந்தால் நல்ல எலும்பும் முறியக்கூடும். என்னிடம் அந்தக் கேள்வி வந்திருந்தால் காயத்தால் வந்த முறிவு என்றே குறித்திருப்பேன். என் பக்கத்து அறையில் இருப்பவர் வேறு விதமாகக் குறிக்கலாம். நீங்கள் எங்களைக் கேட்பது சரிதான்.

மலைக்கோட்டைக் கோடர்

க்வெரிக்குப் பதில் வந்துவிட்டது. 'ஏணியிலிருந்து விழுந்ததால் ஏற்பட்ட காய முறிவு. முதுமைசார் எலும்புப்புரையும் உடனிருக்கிறது' என்று அறுவை மருத்துவர் கையொப்பமிட்டு எழுதியிருக்கிறார். எஸ்72.141ஏ நிற்கிறது, எம்81.0-வும் நிற்கிறது. மறுப்பை இணைத்து அனுப்பினேன். முதன்மைப் பிழையை நீக்கிவிட்டார்கள்.

ஆனால் அதே மறுதணிக்கையில் புதிதாக ஒரு பிழை சேர்ந்திருக்கிறது. எப்படி விழுந்தார் என்பது சார்ட்டில் இருந்தும், 'குறிப்பிடப்படாத விழுதல்' என்று டபிள்யூ19 இட்டது ஏன் என்று கேட்டிருக்கிறார்கள்.

தணிக்கைமேசை

கேட்டது சரிதானே? ஏணியிலிருந்து விழுந்ததற்கு டபிள்யூ11.எக்ஸ்எக்ஸ்எக்ஸ்ஏ இட்டிருக்க வேண்டும், விழுந்த இடத்துக்கு ஒய்92.015. புறக்காரணம் துணைக் குறியீடு என்பதால் அதற்கு மதிப்பெண் குறைவாகத்தான் போகும். உங்கள் விழுக்காடு இப்போது என்ன?

மலைக்கோட்டைக் கோடர்

95.2. ஒய்92-ஐயும் நான் இடவில்லை என்பதை அவர்கள் இன்னும் கவனிக்கவில்லை. நானே எழுதித் தெரிவித்துவிட்டேன்.